கண்ணாடிக் கூரையின் கீழ் ஒரு நடைப்பயணம்

"மழைக்குக்கூடப் பள்ளிக்கூடத்தில் ஒதுங்காதவர்" என்று படிப்பறியாதவர்களைப் பற்றி நம் வீடுகளில் வேடிக்கையாகச் சொல்வதுண்டு. அந்த வேடிக்கைப் பேச்சுக்குள் ஓர் உண்மை இருக்கின்றது. மழை வந்தால் மனிதன் ஒரு கூரையைத் தேடுகிறான். கூரை கிடைத்த இடத்தில் சற்று நேரம் நிற்கிறான். நிற்கும்போது சுற்றிலும் பார்க்கிறான். பார்த்த பொருள் பிடித்துவிட்டால் பையைத் திறக்கிறான். இதை நன்றாக உணர்ந்திருந்த பாரிஸ் நகரத்து வியாபாரிகள், இருநூறு ஆண்டுகளுக்கு முன்பு, தெருக்களுக்கே கூரை போட்டுவிட்டார்கள்! அந்தக் கூரைத் தெருக்களைப் பற்றியதே இக்கட்டுரை.

பிரெஞ்சு மொழியில் இத்தகைய தெருவைப் 'பாசாஜ்' என்பர். 'கடந்து செல்லும் வழி' என்பது அதன் பொருள். சிலவற்றிற்குக் 'கலெரி' என்றும் பெயர். இரண்டு பெரிய தெருக்களுக்கு நடுவே உள்ள கட்டடங்களை ஊடறுத்துச் செல்லும் ஒரு சந்து. அகலம் மூன்று அல்லது நான்கு மீட்டர். இருபுறமும் ஒரே அச்சில் வார்த்தாற்போன்ற சிறு கடைகள். தலைக்கு மேலே கண்ணாடிக் கூரை. காலுக்குக் கீழே வழவழப்பான கல்தளம். வண்டிகளுக்கு இங்கே இடமில்லை. நடப்பவர்களுக்கு மட்டுமே உரிய தெரு இது. 19-ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் பாரிஸில் ஏறத்தாழ 150 பாசாஜ்கள் இருந்தனவாம். இன்று எஞ்சியிருப்பவை சுமார் 20 மட்டுமே. அவற்றைச் சுற்றிக் காட்டுவதற்கென்றே வழிகாட்டிகள் இருக்கிறார்கள். பயணிகள் ஓரிடத்தில் கூடி, வழிகாட்டியின் பின்னால் ஒரு பாசாஜிலிருந்து அடுத்த பாசாஜுக்கு நடந்து செல்வார்கள். அன்புத் தோழியரே, ஆண்டு மலரின் இந்தப் பக்கங்களில் நாமும் அவர்களைப்போல் ஒரு சுற்று நடந்து வருவோம். பெற்றோர்களும் அருட்சகோதரிகளும் நம்மோடு வரலாம். ஒன்றை மட்டும் மனத்தில் வைத்துக்கொண்டு நடப்போம்: ஒரு கூரை போடப்பட்டால், அது யாருக்காகப் போடப்படுகிறது?

சேறும் சாரட்டும்

புறப்படும் முன், அந்நாளைய பாரிஸ் தெருவைச் சற்று எண்ணிப் பார்க்க வேண்டும். இன்று அழகுக்குப் பெயர்பெற்ற அந்நகரத்தில் 18-ஆம் நூற்றாண்டின் இறுதியில் நடைபாதை என்பதே அரிது. 1781-ஆம் ஆண்டில் ஓதியோன் நாடக அரங்கை ஒட்டிய தெருவில் நடைபாதை போட்டபோது அது ஒரு புதுமையாகக் கருதப்பட்டது. மற்றத் தெருக்களில் சாக்கடை நடுவிலேயே ஓடும். மழை பெய்தால் அது சிற்றாறாகப் பெருகும். செல்வர்களின் சாரட்டு வண்டிகள் விரைந்து வரும்போது, நடந்து செல்பவர்கள் சுவரோடு ஒட்டிக்கொள்ள வேண்டும். இல்லாவிட்டால் உடை முழுவதும் சேறு. பாதம் வரை நீண்ட பாவாடை அணிந்த பெண்களின் பாடு சொல்லத் தரமன்று.

மழை நாட்களில் சிலர் ஓடும் நீரின் குறுக்கே ஒரு பலகையைப் போட்டு வைப்பார்கள். அதன்மீது நடந்து கடப்பவர்கள் ஒரு காசு கொடுக்க வேண்டும். புவாயி என்ற ஓவியர் 19-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இக்காட்சியை வரைந்திருக்கிறார். நல்லாடை உடுத்திய ஒரு குடும்பம் பலகைமீது கவனமாக அடியெடுத்து வைக்கும் அந்த ஓவியத்தை இன்றும் லூவ்ர் அருங்காட்சியகத்தில் காணலாம். இத்தகைய ஊரில், சேறில்லாமல், வண்டிப் பயமில்லாமல், குடையில்லாமல் நடக்க ஒரு சந்து கிடைத்தால் கூட்டம் கூடாமல் இருக்குமா? பாசாஜ் வாயில்களில் காலணியின் சேற்றைத் துடைத்துவிடும் தொழிலாளர்கள்கூட இருந்தார்கள். வெளியுலகின் அழுக்கை வாசலிலேயே விட்டுவிட்டு மக்கள் உள்ளே நுழைந்தார்கள்.

எல்லாவற்றிற்கும் தாய்

நம் நடை 'பலே ரொயால்' என்ற பழைய அரண்மனைத் தோட்டத்தில் தொடங்குகிறது. 1780-களில் இதன் உரிமையாளரான ஓர்லியான் கோமகனுக்குப் பணத்தேவை மிகுந்தது. அவர் தோட்டத்தின் மூன்று பக்கங்களிலும் தூண்களோடு கூடிய நீண்ட தாழ்வாரங்களை எழுப்பி, கடைகளை வாடகைக்கு விட்டார். நான்காம் பக்கத்தைக் கட்டி முடிக்கப் பணம் போதவில்லை. 1786-ஆம் ஆண்டில் அங்கே தற்காலிகமாக மரக்கொட்டகைகளை அமைத்து, நடுவே நடைவழி விட்டு, மேலிருந்து வெளிச்சம் விழும்படி செய்தார்கள். தற்காலிகமாகப் போட்ட அந்தக் கொட்டகையிலேதான் பாரிஸ் மக்கள் திரண்டார்கள்! 1820-களின் இறுதியில் அவை இடிக்கப்பட்டன. ஆயினும், கூரையுள்ள தெரு இலாபம் தரும் என்ற பாடம் நகரத்து வணிகர்களின் மனத்தில் பதிந்துவிட்டது. கல்தூண் தாழ்வாரங்கள் இன்றும் இருக்கின்றன. அத்தோட்டம் இப்போது அமைதியான பூங்கா, குழந்தைகள் விளையாடுகிறார்கள்.

இங்கிருந்து சில நிமிட நடையில் 'வேரோ-தோதா' கலெரி. பன்றி இறைச்சிப் பண்டங்கள் விற்றுப் பொருளீட்டிய வேரோ, தோதா என்ற இரு வணிகர்கள் 1826-ஆம் ஆண்டில் இதைத் திறந்தார்கள். தரையில் கறுப்பும் வெள்ளையுமான கற்கள் சாய்சதுரமாகப் பதிக்கப்பட்டுள்ளன. அந்தக் கோலத்தினாலும் கடைகளின் ஒரே சீரான அமைப்பினாலும், சுமார் 80 மீட்டர் நீளமே உள்ள சந்து பார்வைக்கு மிக நீண்டதாகத் தோன்றும். ஒரு முனைக்கு எதிரில் வெளியூர்க் குதிரை வண்டிகள் வந்து நிற்கும் நிலையம் இருந்தது. வண்டிக்குக் காத்திருப்பவர்கள் பொழுதுபோக்க உள்ளே வருவார்கள், வாங்குவார்கள். பின்னர் இரயில் வந்தது. குதிரை வண்டிகள் நின்றன. வண்டியோடு வாடிக்கையாளர்களும் போனார்கள். வியாபாரம் வாசலில் நிற்கும் வண்டியை எவ்வளவு நம்பியிருக்கிறது பாருங்கள்!

இங்கே சற்று நின்று ஒரு பாசாஜின் அமைப்பைக் கவனிப்போம். கீழே கடை. கடைக்குள்ளேயே சுழல்படி ஒன்று. அதில் ஏறினால் தாழ்வான ஓர் இடைத்தளம். சரக்கு வைக்கவும் படுத்துறங்கவும் அதுவே இடம். அதற்கும் மேலே குடியிருப்புகள். கடைகளுக்குப் பின்புறச் சன்னல் இல்லாவிட்டாலும் கவலை இல்லை. கண்ணாடிக் கூரை வழியே வரும் பகலொளி நடுச்சந்தில் விழுந்து, இருபுறமும் கடைக் கண்ணாடிகளுக்குள் பரவுகின்றது. அக்காலத்தில் கண்ணாடியும் அதைத் தாங்கும் சட்டங்களும் விலை மிகுந்தவை. ஆதலால் சந்தை அகலமாகக் கட்ட இயலவில்லை. குறுகலான வழியால் வியாபாரிக்கு நன்மையும் உண்டு. நடப்பவர் எந்தப் பக்கம் ஒதுங்கினாலும் ஒரு கடையின் முன்தான் நிற்பார்!

இரு முனைகளிலும் இரும்புக் கதவுகள். இரவில் அவை பூட்டப்படும். இது தெருவைப்போல் தோன்றினாலும் தனியார் சொத்து. இதையும் நாம் மறக்கலாகாது.

தெய்வ வடிவங்களும் தையல் மெஷினும்

அடுத்து 'விவியென்' கலெரி. பாரிஸ் பாசாஜ்களின் அரசி என்று இதைப் போற்றுவோர் உண்டு. மார்ஷு என்ற நோட்டரி ஒருவர் 1823-ஆம் ஆண்டில் கட்டத் தொடங்க, தெலன்வா என்ற கட்டடக்கலைஞர் வடிவமைத்தார். 1826-ஆம் ஆண்டில் இது திறக்கப்பட்டது. நீளம் 176 மீட்டர். சுவர்களில் வணிகத்தைக் குறிக்கும் நங்கூரங்களும் செழிப்பைக் குறிக்கும் கனிக்கொம்புகளும் பழங்காலத் தேவதை வடிவங்களும் பொலிகின்றன. தரையில் சிறுசிறு வண்ணக் கற்களால் இழைத்த மொசைக் கோலம். இதை இழைத்தவர் இத்தாலியக் கலைஞர் ஃபக்கீனா. பாரிஸின் புகழ்பெற்ற ஓப்பரா மாளிகையிலும் அவருடைய கைவண்ணம் உண்டு. 1826-ஆம் ஆண்டிலேயே தொடங்கிய ஒரு புத்தகக்கடை இன்றும் இங்கே பழைய நூல்களை விற்று வருகின்றது.

ஆனால் இந்த அரசிக்கும் ஏழ்மைக்காலம் வந்தது. 20-ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் கூரை ஒழுகி, கடைகள் மூடி, வாடகை மலிந்து கிடந்தது. அந்த மலிவான வாடகையே ஒரு வெளிநாட்டு இளைஞருக்கு வாழ்வு தந்தது. கென்ஸோ தகாடா என்ற ஜப்பானியர் கையில் மிகுந்த பணமில்லாமல் பாரிஸுக்கு வந்தவர். 1970-ஆம் ஆண்டில் இங்கே தம் முதல் ஆடைக்கடையைத் திறந்தார். சுவரில் காட்டுக்காட்சிகளைத் தாமே வரைந்தார். சந்தையில் மலிவாகக் கிடைத்த துணிகளை வாங்கி, ஒன்றோடொன்று சேராத வண்ணங்களைத் துணிந்து சேர்த்துத் தைத்தார். சில ஆண்டுகளில் உலகமே அவர் பெயரை அறிந்தது. தையல் வகுப்பில் துண்டுத்துணிகளை ஒட்டுப்போட்டுப் பழகும் தோழியர் இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்! 1974-ஆம் ஆண்டில் அரசு விவியென் கலெரியை வரலாற்றுச் சின்னமாகப் பதிவு செய்தது. பின்னர் அது புதுப்பொலிவு பெற்றது.

இதை அடுத்து உள்ளது 'கோல்பேர்' கலெரி. அது இப்போது பிரெஞ்சு தேசிய நூலகத்துக்கு உரியது. கலை வரலாறு பயில்வோர் அங்கே வந்து போகிறார்கள். நூலகத்தின் பழைய கட்டடமும் அருகிலேயே உள்ளது. ஜெர்மனியில் நாசிகள் ஆட்சியைப் பிடித்தபோது நாட்டைவிட்டு வந்த யூத அறிஞர் வால்டர் பெஞ்சமின், அந்த நூலகத்தில் ஆண்டுக்கணக்காக அமர்ந்து, இப்பாசாஜ்களைப் பற்றியே குறிப்புகள் எடுத்தார். 1940-ஆம் ஆண்டில் ஜெர்மன் படை பாரிஸை நெருங்கியபோது, அக்குறிப்புகளை அங்கே பணியாற்றிய எழுத்தாளர் ஜார்ஜ் பத்தாயிடம் ஒப்படைத்துவிட்டு ஓடினார். அதே ஆண்டு செப்டம்பரில், ஸ்பெயின் எல்லையில் உயிர் நீத்தார். நூலகத்தில் மறைத்து வைக்கப்பட்ட அத்தாள்கள் தப்பின. 1982-ஆம் ஆண்டில் அவை நூலாக வெளிவந்தன. கூரைத் தெருக்களை ஆராய்ந்த மனிதருக்குத் தலைசாய்க்க ஒரு கூரை கிடைக்காமற்போனதை எண்ணும்போது நெஞ்சு கனக்கின்றது.

வெற்றி அன்னையின் ஆலயத்தில்

விவியென் கலெரியிலிருந்து வெளியே வந்து சில அடிகள் வைத்தால் வெற்றி அன்னையின் பேராலயம். நம் நடையில் இங்கே நுழையாமல் போகலாமா? உட்சுவர்களில் நன்றி தெரிவிக்கும் பளிங்குப் பலகைகள் 37,000-க்கும் மேல் பதிக்கப்பட்டுள்ளன. ஒவ்வொன்றும் கேட்கப்பட்ட ஒரு மன்றாட்டின் நினைவு.

1887-ஆம் ஆண்டு நவம்பர் 4-ஆம் நாள், 14 வயதுச் சிறுமி ஒருத்தி தன் தந்தையோடும் அக்காளோடும் இங்கே வந்து முழந்தாளிட்டாள். அவள்தான் பிற்காலத்தில் குழந்தை இயேசுவின் புனித தெரசாள். நான்கு ஆண்டுகளுக்கு முன், அவள் கடும் நோயுற்றிருந்தபோது, தந்தையார் இந்த ஆலயத்தில் நவநாள் திருப்பலிகள் நிறைவேற்றப் பணம் அனுப்பினார். அந்நாட்களில் வீட்டிலிருந்த மாதா சுரூபம் தன்னைப் பார்த்துப் புன்னகைத்ததாக உணர்ந்து அவள் நலம் பெற்றாள். பிறர் துருவித் துருவிக் கேட்டதனால், அது உண்மையா, தன் மயக்கமா என்ற ஐயம் அவளை நெடுநாள் வாட்டியது. இந்த ஆலயத்தில்தான் அந்த ஐயம் தீர்ந்தது. கார்மேல் மடத்தில் சேர அனுமதி கேட்பதற்காக உரோமைக்குத் திருத்தந்தையிடம் போகும் வழியில் அவர்கள் பாரிஸில் தங்கியிருந்தார்கள். கண்ணைக் கவரும் கடைகள் நிறைந்த நகரம். அவள் மனத்தில் ஆழமாகப் பதிந்ததோ இந்த ஆலயம். அதை அவள் தன் வரலாற்றில் நன்றியோடு எழுதி வைத்திருக்கிறாள்.

மூன்று பாசாஜ்கள், ஒரே கோடு

வடக்கே நடந்தால் 'பனோராமா' பாசாஜ். இது ஏறத்தாழ 1800-ஆம் ஆண்டில் திறக்கப்பட்டது. இன்று நிலைத்திருக்கும் பாசாஜ்களில் மிகப் பழையனவற்றுள் ஒன்று. பெயருக்குக் காரணம் உண்டு. அமெரிக்கரான தேயர் என்பவர் இதன் வாயிலில் இரண்டு வட்டக் கோபுரங்களைக் கட்டினார். உள்ளே சுற்றுச்சுவர் முழுவதும் ஒரே ஓவியம். நடுமேடையில் நின்றால் பாரிஸ் நகரத்தின் நடுவே நிற்பதுபோலவே தோன்றும். திரைப்படம் தோன்றாத காலத்தில் அது எத்தகைய வியப்பு! இக்கலைக்கான உரிமையை பிரான்சில் முதலில் பெற்றவர் இராபர்ட் ஃபுல்டன். பின்னாளில் நீராவிக் கப்பலால் புகழடைந்த அதே ஃபுல்டன்தான். கோபுரங்கள் 1831-ஆம் ஆண்டில் இடிக்கப்பட்டன. பெயர் மட்டும் நின்றுவிட்டது. பாரிஸில் பொது இடத்தில் எரிவாயு விளக்கு முதன்முதல் எரிந்ததும் 1817-ஆம் ஆண்டில் இங்கேதான் என்பர். இன்று தபால்தலை சேகரிப்போர் இங்குள்ள கடைகளைத் தேடி வருகிறார்கள்.

பெருஞ்சாலையைக் கடந்தால் நேரெதிரே 'ழூஃப்ருவா' பாசாஜ். 1840-களின் நடுவில் கட்டப்பட்டது. கூரைச் சட்டம் முழுவதும் இரும்பினாலேயே அமைந்த முதல் பாரிஸ் பாசாஜ் இது. தரைக்கு அடியிலிருந்து சூடேற்றும் வசதியும் செய்யப்பட்டிருந்தது. குளிர் நாட்டில் அது எத்தகைய ஆறுதல்! இங்கே 1882-ஆம் ஆண்டில் தொடங்கிய கிரெவேன் மெழுகுச்சிலைக் காட்சிச்சாலையின் வெளிவாயில் இருக்கின்றது. அதையும் தாண்டினால் 'வெர்தோ' பாசாஜ். பழைய புத்தகங்களும் அச்சுப்படங்களும் பழம்பொருட்களும் நிறைந்தது. இம்மூன்றும் ஒன்றன்பின் ஒன்றாக ஒரே கோட்டில் இருப்பதால், மழை நாளில் சாலைகளைக் கடக்கும்போது மட்டுமே நனைவோம்.

இத்தனை அழகும் வசதியும் இருந்தும் இவை ஏன் வீழ்ந்தன? காரணம் வெளியே, நாம் கடந்து வந்த அந்தப் பெருஞ்சாலையிலேயே தெரிகின்றது. 1853-ஆம் ஆண்டு முதல் ஓஸ்மான் என்ற ஆட்சியாளர் பாரிஸைத் திருத்தி அமைத்தார். பழைய சந்துகள் இடிந்தன. மரங்களும் விளக்குகளும் பாதாளச் சாக்கடையும் கூடிய அகன்ற சாலைகள் தோன்றின. முக்கியமாக, அகன்ற நடைபாதைகள் வந்தன. தெருவே நடப்பவருக்கு இடம் கொடுத்தபின், சந்துக்குள் ஒதுங்குவானேன்? அதே காலத்தில் பெரிய பேரங்காடிகளும் எழுந்தன. 1852-ஆம் ஆண்டில் பூசிக்கோ என்பவர் 'போன் மார்ஷே' கடையில் பங்காளியாகி, பொருளுக்கு விலை எழுதி ஒட்டும் முறையையும், வாங்காமலே சுற்றிப் பார்க்கும் உரிமையையும் பரப்பினார். ஒரே கூரையின் கீழ் எல்லாம் கிடைத்தன. சிறு கடைகள் ஒளியிழந்தன. ஒரு சாலையை நீட்டுவதற்காக ஓப்பரா பாசாஜ் 1925-ஆம் ஆண்டில் இடிக்கப்பட்டது. பலவும் அவ்வாறே மறைந்தன.

அப்பம் கொடுத்த வாசல்

இனிக் கிழக்கே திரும்பி 'கெய்ரோ' பாசாஜுக்குப் போவோம். இதை இறுதிப்பகுதிக்காகவே வைத்திருந்தோம். நெப்போலியன் எகிப்து மீது படையெடுத்த 1798-ஆம் ஆண்டில் இது தொடங்கப்பட்டது. அதனால்தான் இந்தப் பெயர். முகப்பில் எகிப்தியத் தேவதையின் மூன்று பெரிய முகங்கள் நம்மை உற்றுப் பார்க்கின்றன. கிளைச்சந்துகளையும் சேர்த்து நீளம் ஏறத்தாழ 360 மீட்டர். பாரிஸில் இதுவே மிக நீளமான பாசாஜ். அழகில் மற்றவற்றிற்கு ஈடாகாது. உள்ளே மொத்த ஆடை வியாபாரம். கடைகளில் காட்சிக்கு வைக்கும் பொம்மை உருவங்கள் தலையில்லாமலும் கையில்லாமலும் வரிசையாக நிற்கின்றன.

இந்த இடத்தில் முன்பு என்ன இருந்தது தெரியுமா? 'தேவ புதல்வியர்' என்ற கன்னியர் மடம். 13-ஆம் நூற்றாண்டில், தீயவழியிலிருந்து மனந்திரும்பிய பெண்களுக்கு அடைக்கலமாகத் தொடங்கி, புனித லூயி மன்னரின் உதவியைப் பெற்ற மடம் அது. பிற்காலத்தில் நகருக்குள் புனித தெனி தெருவில் அமைந்தது. நகரின் எல்லைக்கு வெளியே மோன்ஃபோக்கோன் என்ற தூக்குமேடை இருந்தது. மரண தண்டனை பெற்றவர்களை இத்தெரு வழியாக அங்கே கொண்டு போவார்கள். மடத்தின் வாசலுக்கு வந்ததும் ஊர்வலம் நிற்கும். கன்னியர் வெளியே வந்து, அவர்கள் முத்தி செய்வதற்குப் பாடுபட்ட சுரூபத்தைக் காட்டுவர். பின்பு மூன்று துண்டு அப்பமும் ஒரு கிண்ணம் திராட்சை இரசமும் கொடுப்பர். அதுவே அந்த மனிதர்களின் கடைசி உணவு. ஊரார் கல்லெறியவும் ஏசவும் கூடியிருக்கையில், குற்றவாளியையும் பசித்த மனிதனாகப் பார்த்தவர்கள் அந்தச் சகோதரிகள்.

பிரெஞ்சுப் புரட்சியில் மடங்கள் மூடப்பட்டன. சொத்துக்கள் ஏலத்துக்கு வந்தன. மடம் இடிந்தது, பாசாஜ் எழுந்தது. மடத்துக் கல்லறைப் பலகைகளையே பாசாஜின் தரையில் பதித்தார்கள் என்று சொல்வதுண்டு. புதிய கூரை வந்தது. அது பணம் கொண்டு வருபவருக்கான கூரை. பழைய வாசலில் நின்றவர்களிடமோ கொடுப்பதற்கு ஒரு காசும் இருந்ததில்லை. நாம் புறப்பட்டபோது மனத்தில் வைத்த கேள்வி இங்கே தானாகவே எழுகின்றது.

நம்மவர் கடைகள்

அதே புனித தெனி தெரு, பழைய நகரவாயிலைத் தாண்டியதும், 'புறநகர்ப் புனித தெனி தெரு' என்ற பெயரில் வடக்கே தொடர்கின்றது. சிறிது தூரத்தில் 'பிராடி' பாசாஜ். 1828-ஆம் ஆண்டில் திறக்கப்பட்டது. 1850-களில் புதிய சாலை ஒன்று இதை இரண்டாகப் பிளந்துவிட்டது. துண்டுபட்ட பாசாஜில் வியாபாரம் படுத்தது. கடைகள் பாழடைந்தன. அதை மீண்டும் உயிர்ப்பித்தவர் யார்? 1970-களில் நம் புதுச்சேரியிலிருந்து வந்த ஒருவர் இங்கே உணவகம் தொடங்கினார். பிரெஞ்சு ஆட்சி புதுச்சேரியில் 1954-ஆம் ஆண்டில் நீங்கி, 1962-ஆம் ஆண்டில் சட்டப்படி முடிவுற்றது. பிரெஞ்சுக் குடியுரிமையைத் தெரிந்துகொண்ட தமிழ்க் குடும்பங்கள் பல பாரிஸில் குடியேறின. அவர்களுக்கும் மிளகும் சீரகமும் வேண்டுமே! ஒன்றன்பின் ஒன்றாய் இந்திய, பாகிஸ்தானிய உணவகங்களும் மளிகைக் கடைகளும் வந்தன. இன்று அந்தக் கண்ணாடிக் கூரையின் கீழ் நுழைந்தால் மசாலா மணம் நம்மை வரவேற்கும்.

அத்தெருவிலேயே மேலும் வடக்கே நடப்போம். வலப்பக்கமும் இடப்பக்கமும் நம் திருச்சபைக்கு மிகவும் உறவான மண். 1632-ஆம் ஆண்டு முதல் புனித வின்சென்ட் தே பவுல் வாழ்ந்த புனித இலாசர் இல்லம் இங்கேதான் இருந்தது. எதிர்ப்புறத்தில் புனித லூயிஸ் தே மரிலாக் அம்மையாரின் பிறரன்புப் புதல்வியர் தங்கியிருந்தார்கள். தெருவில் எறியப்பட்ட பச்சிளங் குழந்தைகளை எடுத்து வளர்த்ததும், நோயாளிகளின் வீடுதேடிச் சென்றதும் அந்தச் சகோதரிகளே. இருவரும் 1660-ஆம் ஆண்டில், சில மாத இடைவெளியில் இறைவனடி சேர்ந்தார்கள். அந்த இடத்தில் இன்று ஒரு நகராட்சி நூலகம் இயங்குகின்றது.

தெருவின் வடகோடி 'லா ஷபேல்'. அங்கே போனதும் நமக்குத் திகைப்பு! பெயர்ப்பலகைகள் தமிழில்! 1983-ஆம் ஆண்டின் கலவரத்துக்குப் பிறகு இலங்கையிலிருந்து உயிர் தப்பி வந்த தமிழர்கள் இங்கே கடை வைத்து, பிள்ளைகளைப் படிக்க வைத்து, ஒருவருக்கொருவர் துணையாய் நின்றார்கள். முருங்கைக்காயும் இடியாப்பமும் புடவையும் நகையும் தமிழ்ச் செய்தித்தாளும் பாரிஸ் நகரின் நடுவே கிடைக்கின்றன.

நம் நடை இங்கே முடிகின்றது. சேற்றுக்கு அஞ்சிய செல்வர்களுக்காகப் போட்ட கூரைகளில் பெரும்பாலானவை மறைந்துவிட்டன. எஞ்சியவற்றில் சிலவற்றைக் காத்தவர்கள், குறைந்த வாடகைக்கு இடம் தேடிவந்த அயலார்கள்: ஒரு ஜப்பானியத் தையல்காரர், ஒரு புதுச்சேரிச் சமையல்காரர், இன்னும் எத்தனையோ பெயர் தெரியாதவர்கள். கட்டடத்தை எழுப்பப் பணம் போதும். அதற்குள் ஒருவரை உட்கார வைக்கும் மனம் இருந்தால்தான் அது நிலைக்கும் போலும்.

நம் பழைய வீடுகளின் திண்ணைகள் வழிப்போக்கருக்காகவே கட்டப்பட்டவை. முன்பின் அறியாதவர் இரவில் படுத்துறங்கி, விடிந்ததும் எழுந்து போவார். இன்று திண்ணைகள் குறைந்து, இரும்புக் கதவுகள் உயர்ந்துவிட்டன. ஆயினும் மழை இன்றும் பெய்கின்றது. ஒதுங்க இடமின்றி நிற்பவர்களும் இருக்கிறார்கள். தோழியரே, அடுத்த மழை நாளில் நம் பள்ளி வாசலிலோ வீட்டுத் தாழ்வாரத்திலோ யாரேனும் தயங்கி நின்றால், "உள்ளே வந்து உட்காருங்கள்" என்று சொல்வோம். முடிந்தால் ஒரு குவளைத் தேநீரும் கொடுப்போம். அந்தப் பழைய மடத்து வாசலில் அப்பம் கொடுத்த கைகளோடு நம் கைகளும் அன்று சேர்ந்துகொள்ளும்.